வெள்ளி உப்பின் நினைவு

பொருளும் அதன் இயல்பும்

வெள்ளி புரோமைடு வெளிர்மஞ்சள் நிறமுள்ள ஓர் உப்பு. சோற்றுப்பைப் போலவே இதன் படிகத்திலும் அயனிகள் கனசதுர அடுக்கில் அமர்ந்திருக்கின்றன. மேலும் கீழும், முன்னும் பின்னும், இடமும் வலமும் வெள்ளி அயனியும் புரோமைடு அயனியும் மாறி மாறி வரும். சோற்றுப்பை வெயிலில் வைத்தால் அது அப்படியே இருக்கும்; வெள்ளி புரோமைடை வைத்தால் கறுத்துப்போகும். ஒன்றரை நூற்றாண்டுக் கால ஒளிப்படக் கலை இந்த ஒரு வேறுபாட்டின் மேல் எழுந்தது.

நினைவுகளைத் தனக்குள் தேக்கி வைக்கும் மாயப் படிகங்கள் அறிவியல் புனைகதைகளில் அடிக்கடி வருகின்றன. அப்படியொரு பொருள் கற்பனைக்கு வெளியே இருக்க வேண்டுமானால் அதற்கு மூன்று தகுதிகள் வேண்டும். ஒரு நிகழ்வு அதில் மாற்றத்தை உண்டாக்க வேண்டும். நிகழ்வு முடிந்த பிறகும் அந்த மாற்றம் நிலைத்திருக்க வேண்டும். பின்னொரு நாளில் அதைப் படித்தறிய வழி இருக்க வேண்டும். வெள்ளி புரோமைடு, வெள்ளி குளோரைடு, வெள்ளி அயோடைடு ஆகிய மூன்றும் இந்தத் தகுதிகளை உடையவை. வேதியியலில் இவற்றுக்குப் பொதுப்பெயர் வெள்ளி ஹாலைடுகள். இந்தப் படிகங்களைப் பெருமளவில் வளர்த்து, படச்சுருளிலும் தாளிலும் பூசி, நாடெங்கும் அனுப்பிய தொழிற்சாலை ஒன்று நீலகிரியில், ஊட்டி எனப்படும் உதகமண்டலத்தில் இயங்கியது.

கண்டறிந்த வரலாறு

வெள்ளி உப்புகள் கறுப்பதற்குக் காரணம் வெப்பமன்று, ஒளியே என்பதை 18ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஜெர்மானியரான யோஹான் ஹைன்ரிஹ் ஷுல்ட்சே காட்டினார். ஆனால் அவர் பெற்ற உருவம் தங்கவில்லை. அதைப் பார்ப்பதற்கு வேண்டிய ஒளியே மீதி உப்பையும் கறுக்கச் செய்து உருவத்தை அழித்துவிட்டது. எழுதப்பட்டதை நிலைநிறுத்தும் வழி பின்னர்தான் கிடைத்தது. ஜான் ஹெர்ஷல் 1819இல் கண்டறிந்த ஒரு வேதிப்பண்பு 1839இல் பயனுக்கு வந்தது. இன்று சோடியம் தயோசல்பேட் எனப்படும் உப்பு, ஒளிபடாத வெள்ளி ஹாலைடைக் கரைத்து அகற்றிவிடும். ஸ்டூடியோக்காரர்கள் ‘ஹைப்போ’ என்று சொல்வது இதைத்தான்.

அதே 1839இல் பிரான்சில் டாகேர், இங்கிலாந்தில் டால்பட் ஆகியோரின் முறைகள் வெளியுலகுக்குத் தெரிந்தன. டால்பட் 1841இல் காப்புரிமை பெற்ற முறையில் மற்றொரு உண்மையும் அடங்கியிருந்தது. படிகம் கண்ணுக்குத் தெரியும்படி கறுக்கும்வரை காத்திருக்கத் தேவையில்லை. சிறிதளவு ஒளி பட்டாலே அதனுள் ஒரு மறைபிம்பம் பதிந்துவிடுகிறது. வேதிக்கரைசல் ஒன்று அதைப் பிறகு வெளிக்கொணரும். எழுதுவதும் படிப்பதும் இங்கேதான் தனித்தனிச் செயல்களாகப் பிரிந்தன.

1851இல் பிரடெரிக் ஸ்காட் ஆர்ச்சர் கண்ணாடித் தகட்டில் கொலோடியன் என்னும் பிசினைப் பூசும் ஈரத்தகட்டு முறையைக் கொண்டுவந்தார். 1871இல் ரிச்சர்ட் லீச் மேடாக்ஸ், கொலோடியனுக்குப் பதிலாக ஜெலட்டினைப் பயன்படுத்தினார். விலங்குகளின் எலும்பிலிருந்தும் தோலிலிருந்தும் எடுக்கப்படும் ஜெலட்டின் படிகங்களைத் தாங்கிப் பிடிக்கும் பசையாக மட்டும் நிற்கவில்லை, படிகத்தின் உணர்திறனையும் அது கூட்டியது. அதற்கான காரணம் 1925இல்தான் தெளிவானது. கடுகு போன்ற தாவரங்களைத் தின்ற கால்நடைகளின் உடலிலிருந்து ஜெலட்டினுக்கு வந்து சேரும் நுண்ணளவு கந்தகச் சேர்மங்களே படிகத்தைக் கூருணர்வு கொள்ளச் செய்கின்றன என்று கோடாக் ஆய்வகத்தின் சாமுவேல் ஷெப்பர்ட் கண்டறிந்தார்.

குறையிலே இருக்கும் நினைவு

மறைபிம்பம் எதனால் ஆனது என்ற கேள்விக்கு 1938இல் ரொனால்ட் கர்னியும் நெவில் மாட்டும் ஒரு விளக்கம் தந்தனர். பிற்காலத்தில் சில திருத்தங்கள் வந்தாலும் அதன் அடிப்படை இன்றும் நிற்கிறது.

படிகத்தின் மீது ஒளித்துகள் ஒன்று விழும்போது புரோமைடு அயனியிலிருந்து ஓர் எலக்ட்ரான் விடுபட்டுப் படிகத்துக்குள் அலைகிறது. படிகம் முழுக்கச் சீராக இருந்தால் அந்த எலக்ட்ரான் சற்று நேரத்தில் பழைய இடத்துக்கே திரும்பிவிடும். நடந்ததற்குச் சுவடு இராது. உண்மையான படிகத்தில் குறைகள் உண்டு. பரப்பில் கந்தகமும் தங்கமும் சேர்ந்த சிறு புள்ளிகள் இருக்கின்றன. எலக்ட்ரான் அங்கே சிக்கிக்கொள்கிறது. வெள்ளி அயனிகள் சிலவும் தங்கள் இடத்தை விட்டு விலகி, அடுக்கின் இடுக்குகளில் அலைந்துகொண்டிருக்கின்றன. அவற்றில் ஒன்று சிக்கிய எலக்ட்ரானை நாடி வந்து சேர்ந்ததும் ஒரு வெள்ளி அணு பிறக்கிறது. அடுத்த ஒளித்துகள் வந்தால் அதே இடத்தில் இன்னோர் அணு சேரும்.

தனித்த ஒரு வெள்ளி அணு நிலையற்றது, விரைவில் சிதைந்துவிடும். இரண்டு சேர்ந்தால் ஓரளவு தாங்கும். ஏறத்தாழ நான்கு அணுக்கள் ஒரே இடத்தில் திரண்டுவிட்டால் அந்தப் படிகம் ஒளியைக் கண்டதாகப் பொருள். ஒரு மைக்ரோமீட்டர் பக்கமுள்ள கனசதுரப் படிகத்தில் சுமார் 2,000 கோடி வெள்ளி அயனிகள் உள்ளன. அத்தனைக்கும் நடுவே நான்கே அணுக்கள்தான் நினைவின் குறி. எந்த நுண்ணோக்கியைக் கொண்டு பார்த்தாலும் கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் அப்போது ஒரு காட்சியும் தெரியாது. ஆனாலும் காட்சி முழுவதும் அங்கே பதிந்திருக்கும்.

குறையற்ற படிகம் எதையும் நினைவில் வைக்காது என்பதே இதிலிருந்து பெறப்படும் முடிவு. படச்சுருள் தயாரிப்பின் நுட்பம் முழுவதும், எந்தக் குறையை எவ்வளவு, எங்கே வைப்பது என்பதில் அடங்கியிருந்தது. குறை போதாவிட்டால் படிகம் மந்தமாகிவிடும். கூடிவிட்டால் ஒளிபடாமலேயே கறுத்து, படம் முழுதும் மூட்டம் படரும்.

வெள்ளி புரோமைடு தன் இயல்பில் நீல ஒளியையும் புறஊதாக் கதிரையும் மட்டுமே உணரும். 1873இல் ஹெர்மன் போகல் சாயப்பொருள்களைச் சேர்த்து மற்ற நிறங்களையும் உணரச் செய்தார். சிவப்பை உணராத தாள்களைச் சிவப்பு விளக்கின் கீழ் கையாள முடிந்ததும், எல்லா நிறங்களையும் உணரும் பிலிமை முழு இருட்டில் மட்டுமே திறக்க முடிந்ததும் இந்த வேறுபாட்டால்தான்.

கழுவுதல்

பதிந்ததைப் படிக்கும் முறையைத் தமிழகத்து ஸ்டூடியோக்காரர்கள் ‘பிலிம் கழுவுதல்’ என்று சொன்னார்கள். அதில் மூன்று படிகள் உண்டு.

முதலாவது டெவலப்பர். மெட்டால், ஹைட்ரோகுயினோன் முதலிய பொருள்கள் கலந்த இந்தக் கரைசல் எல்லாப் படிகங்களையும் தொடுகிறது. ஆனால் நான்கு அணுத் திரள் உள்ள படிகத்தில்தான் வினை விரைந்து நிகழும். அந்தத் திரளே வாயிலாகி, படிகத்தின் வெள்ளி அயனிகள் யாவும் உலோக வெள்ளியாக மாறுகின்றன. நான்கு அணுக்களின் செய்தி பல கோடி மடங்காகப் பெருகி, கண்ணுக்குக் கறுப்பாகத் தெரிகிறது. வெள்ளி ஹாலைடு இத்தனை காலம் போட்டியில்லாமல் நின்றதற்கு இந்தப் பெருக்கமே காரணம்.

இரண்டாவது ஹைப்போ. ஒளிபடாத படிகங்கள் இதில் கரைந்து வெளியேறுகின்றன. இந்தப் படி விடுபட்டால், படத்தை வெளிச்சத்தில் எடுத்த சிறிது நேரத்திலேயே எல்லாம் கறுத்துவிடும். நினைவு நிலைக்க வேண்டுமானால், பயன்படாத நினைவாற்றலை நீக்கியாக வேண்டும்.

மூன்றாவது ஓடும் நீர். ஹைப்போ மிச்சமிருந்தால் அதிலுள்ள கந்தகம் ஆண்டுகள் போகப் போக வெள்ளியோடு சேர்ந்து படத்தை மஞ்சளாகவும் பழுப்பாகவும் ஆக்கும். பழைய குடும்பப் படங்கள் பலவற்றில் காணும் மஞ்சள் நிறத்துக்கு வயது மட்டும் காரணமன்று. அன்று அலசுவதில் காட்டிய அவசரத்துக்கும் அதில் பங்கு உண்டு.

கழுவாத மறைபிம்பம் எவ்வளவு காலம் தாங்கும் என்பதற்குப் புகழ்பெற்ற சான்று வடதுருவப் பகுதியிலிருந்து கிடைத்தது. 1897 ஜூலையில் சுவீடனைச் சேர்ந்த ஆந்த்ரேயும் இரு தோழர்களும் பலூனில் வடதுருவத்தை நோக்கிப் புறப்பட்டு மறைந்தனர். 1930இல் அவர்களுடைய உடல்களோடு படச்சுருள்களும் பனிசூழ்ந்த தீவொன்றில் கிடைத்தன. 33 ஆண்டுகள் கழித்துக் கழுவியபோது 93 படங்கள் தேறின. குளிர் காத்த நினைவு அது.

நீலகிரியின் முதல் படங்கள்

நீலகிரிக்கும் வெள்ளி உப்புக்கும் உள்ள தொடர்பு தொழிற்சாலைக்கு முந்தையது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஊட்டியில் ஸ்டூடியோ நடத்திய ஏ.டி.டபிள்யூ. பென் (1849–1924) தோடர், கோத்தர், படகர், குறும்பர் ஆகியோரையும், மலைச்சரிவுகளையும், வளர்ந்துவந்த நகரத்தையும் படமெடுத்தார்.

ஈரத்தகட்டுக் காலத்தில் மலையில் படமெடுப்பது பெரும்பாடு. கண்ணாடித் தகட்டில் கொலோடியனைப் பூசி, வெள்ளி நைட்ரேட்டுக் கரைசலில் முக்கினால்தான் ஒளியுணரும் படிகங்கள் அதில் உருவாகும். தகடு காய்வதற்குள் படமெடுத்து, காய்வதற்குள்ளேயே கழுவ வேண்டும். ஆகவே கேமராவோடு கண்ணாடித் தகடுகளும், வேதிப்பொருள் குப்பிகளும், தண்ணீரும், இருட்டுக் கூடாரமும் சுமைகூலிகளின் தலையில் கூடவே மலையேறின. மூடுபனி இறங்கிவிட்டால் அன்றைய வேலை அதோடு முடிந்தது.

நீலகிரியின் முதல் கமிஷனராக இருந்த ஜேம்ஸ் வில்கின்சன் பிரீக்ஸ் மலைப் பழங்குடிகளையும் தொல்சின்னங்களையும் பற்றி எழுதிய நூல், அவர் இறந்த பிறகு 1873இல் ஒளிப்படங்களுடன் வெளிவந்தது. டபிள்யூ.எச்.ஆர். ரிவர்ஸ் தோடர்களைப் பற்றி எழுதிய நூல் 1906இல் வந்தது; அதிலும் படங்கள் உண்டு. மந்து எனப்படும் அன்றைய தோடர் குடியிருப்புகளின் அமைப்பு, உடை, அணிகலன், எருமைச் சடங்குகள் பற்றிய கண்சாட்சி இன்று இத்தகைய படங்களில்தான் மிஞ்சியிருக்கிறது. எடுத்தவர்களின் பார்வை ஆட்சியாளர் பார்வை என்பதும், எடுக்கப்பட்டவர்களின் பெயர்கள் பல இடங்களில் குறிக்கப்படவில்லை என்பதும் இந்தப் படங்களைப் படிப்போர் மறக்கக் கூடாதவை. படிகம் ஒளியைப் பதிக்கும். யார், யாரை, ஏன் என்பதை மனிதர்தான் எழுதி வைக்க வேண்டும்.

இந்து நகர்த் தொழிற்சாலை

விடுதலைக்குப் பிந்தைய இந்தியா எக்ஸ்ரே பிலிமுக்கும் சினிமாச் சுருளுக்கும் ஒளிப்படத் தாளுக்கும் வெளிநாடுகளையே நம்பியிருந்தது. இவற்றை உள்நாட்டில் தயாரிப்பதற்காக 1960 நவம்பரில் ஹிந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் என்னும் பொதுத்துறை நிறுவனம் பதிவாயிற்று. பிரான்சின் பொஷே நிறுவனம் தொழில்நுட்பம் தந்தது. உற்பத்தி 1967இல் தொடங்கியது. பொருள்கள் ‘இந்து’ என்ற வணிகப்பெயரில் விற்பனைக்கு வந்தன. தொழிற்சாலையை ஒட்டி எழுந்த குடியிருப்பும் இந்து நகர் ஆயிற்று. ஊட்டிக்காரர்களுக்கு அது ‘எச்.பி.எஃப்.’

மலைமேல் ஏன் என்ற கேள்விக்கு விடை படிகத்தின் இயல்பிலேயே இருக்கிறது. ஒரு தூசு ஒட்டினால் பூச்சில் புள்ளி விழும். எக்ஸ்ரேயில் அந்தப் புள்ளி நோயாகவும் தோன்றலாம். வெப்பம் கூடினால் ஜெலட்டின் இளகும், படிகத்தில் மூட்டம் ஏறும். கடல்மட்டத்திலிருந்து சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் உள்ள ஊட்டியில் காற்று தூய்மையாகவும் குளிர்ந்தும் இருந்தது. சமவெளியில் பெருஞ்செலவில் உண்டாக்க வேண்டிய சூழலில் ஒரு பகுதியை மலை இயல்பாகவே தந்தது. ஊட்டிக்கு அருகே சாண்டிநல்லாவில் எலும்பிலிருந்து ஜெலட்டின் எடுக்கும் தொழிற்சாலையும் இயங்கியது.

இத்தகைய ஆலைகளில் வேலை நடக்கும் வரிசை எங்கும் ஏறத்தாழ ஒன்றே. தூய வெள்ளியை நைட்ரிக் அமிலத்தில் கரைத்து வெள்ளி நைட்ரேட் ஆக்குவார்கள். வெதுவெதுப்பான ஜெலட்டின் கரைசலில் அதையும் பொட்டாசியம் புரோமைடையும், சிறிது அயோடைடையும் அளவாகச் சேர்ப்பார்கள். அந்த நொடியிலிருந்து வேலை முழுவதும் இருட்டுக்குள்தான். சேர்க்கும் வேகம், வெப்பநிலை, கலக்கும் விதம் ஆகியவற்றைப் பொறுத்துப் படிகங்களின் அளவு அமையும். பெரிய படிகம் அதிக ஒளியை ஏந்துவதால் மங்கலான வெளிச்சத்துக்கு ஏற்றது; ஆனால் படத்தில் மணிமணியாகத் தெரியும். சிறிய படிகம் நுண்விவரம் காட்டும். அதற்கு வெளிச்சம் நிறைய வேண்டும்.

பிறகு, படிகங்கள் மிதக்கும் இந்த ஜெலட்டின் கரைசலாகிய பால்மத்தை உறையவைத்து, துண்டாக்கி, தேவையற்ற உப்புகள் போக நீரில் அலசி, மீண்டும் உருக்குவார்கள். கந்தகமும் தங்கமும் சேர்ந்த சேர்மங்களை நுண்ணளவில் கலந்து ‘பக்குவப்படுத்துவது’ அடுத்த கட்டம். வேண்டிய குறைகள் படிகத்தில் இடப்படுவது இங்கேதான். சாயங்கள் சேர்த்த பின் ஓடும் சுருள்மீது சீராகப் பூசி, குளிரால் இறுகச் செய்து, உலர்த்தி, அளவாக வெட்டி, ஒளிபுகாத உறையில் இடுவார்கள். இருட்டில் வேலை செய்வோருக்குத் தொடுகையும் பழகிய அடித்தடமுமே வழிகாட்டி.

தேங்கிய நினைவுகள்

இப்படித் தயாரான படிகங்களில் எவை பதிந்தன என்பது தனி வரலாறு. மருத்துவமனைகளின் எக்ஸ்ரே அதில் பெரும்பகுதி. எக்ஸ் கதிர் மெல்லிய பூச்சை எளிதில் ஊடுருவிச் சென்றுவிடும் என்பதால் எக்ஸ்ரே பிலிமின் இரு பக்கமும் பால்மம் பூசப்படும். கதிரை ஒளியாக மாற்றும் திரைகளுக்கு நடுவே பிலிமை வைப்பதால் நோயாளி ஏற்கும் கதிரளவு குறைகிறது. மலையில் உருவான படிகங்கள் சமவெளி எங்கும் எலும்பு முறிவையும் காசநோய்த் தழும்பையும் காட்டின. அடையாள அட்டைக்கும் கடவுச்சீட்டுக்கும் எடுத்த முகங்கள், பள்ளிக் குழுப்படங்கள், திருமணப் படங்கள், திரையரங்குக்குப் போன கறுப்பு வெள்ளைப் பிரதிகள் ஆகியன ஏனையவை.

படிகம் கண்ணுக்குத் தெரியும் ஒளியை மட்டும் பதிப்பதில்லை. 1930களின் இறுதியிலும் 1940களின் தொடக்கத்திலும் கொல்கத்தாவின் போஸ் நிறுவனத்தைச் சேர்ந்த டி.எம். போஸும் விபா சௌதுரியும் ஒளிப்படத் தகடுகளை டார்ஜிலிங், சந்தக்பூ முதலிய மலைகளில் பல மாதங்கள் வைத்து, விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்களின் தடங்களை ஆராய்ந்தனர். மின்னூட்டத் துகள் ஒன்று பால்மத்தை ஊடுருவும்போது வழியிலுள்ள படிகங்களில் மறைபிம்பம் பதியும். கழுவினால் அதன் பாதை கறும்புள்ளிகளின் வரிசையாகத் தெரியும். இம்முறையை மேம்படுத்தி 1947இல் பையான் துகளைக் கண்டறிந்த செசில் பவலுக்கு 1950இல் நோபல் பரிசு கிடைத்தது. நீலகிரியிலும் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம் 1950களிலிருந்து காஸ்மிக் கதிர் ஆய்வை நடத்திவருகிறது. அங்கே பிற வகை உணர்கருவிகள் பயன்படுகின்றன.

மறதி

ஊட்டித் தொழிற்சாலை 1980களில் அமெரிக்காவின் டூபாண்ட் நிறுவனத் தொழில்நுட்பத்தோடு பாலியெஸ்டர் அடித்தளம் கொண்ட எக்ஸ்ரே பிலிம் திட்டத்தில் இறங்கியது. 1990களில் தாராளமயமாக்கலால் இறக்குமதிப் போட்டி கூடியது. கடனும் வட்டியும் ஏறின. 1992–93 முதல் தொடர் நட்டம். 1996இல் நலிவுற்ற நிறுவனம் என்று அறிவிக்கப்பட்டது. 2003 ஜனவரியில் தொழில், நிதி மறுசீரமைப்பு வாரியம் நிறுவனத்தைக் கலைக்கப் பரிந்துரைத்தது. 2014 பிப்ரவரியில் மத்திய அமைச்சரவை ஊழியர்களின் விருப்ப ஓய்வுத் திட்டத்துக்கு 181.54 கோடி ரூபாய் ஒதுக்க ஒப்புதல் தந்தது. இதற்கிடையே உலகச் சந்தையே மாறிவிட்டது. படச்சுருளின் மறுபெயராக இருந்த கோடாக் நிறுவனம் 2012 ஜனவரியில் திவால் பாதுகாப்பு கோரியது.

தயாரிப்பு நின்றது ஒரு மறதி. பதிந்தவை அழிவது இன்னொன்று. வெள்ளி விலையுள்ள உலோகம். பழைய எக்ஸ்ரே பிலிமையும் சினிமாச் சுருளையும் எடைக்கு வாங்கி, அதிலுள்ள வெள்ளியைப் பிரித்தெடுக்கும் தொழில் நெடுங்காலமாக உண்டு. முதல் தமிழ்ப் பேசும்படமான ‘காளிதாஸ்’ (1931) இன்று கிடைக்கவில்லை. நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’ என்னும் மௌனப் படமும் இல்லை. தென்னிந்திய மௌனப் படங்களில் ஏறத்தாழ ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்றே தப்பியது. அது புனேயில் 1964இல் நிறுவப்பட்ட தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தைச் சேர்ந்தது. அக்காலச் சுருளின் அடித்தளமான செல்லுலோஸ் நைட்ரேட் எளிதில் தீப்பற்றும், தானாகவும் சிதையும். பின்னர் வந்த அசிட்டேட் அடித்தளம் எளிதில் தீப்பற்றாது. ஆனால் வெப்பமும் ஈரமும் சேர்ந்தால் சிதைந்து காடி நாற்றம் வீசும், சுருங்கி நெளியும்.

நீலகிரி இந்த வகையில் நன்மையும் தீமையும் கலந்த இடம். குளிர் வேதிச் சிதைவை மெதுவாக்கும். ஈரம் பூஞ்சையை வரவழைக்கும். ஜெலட்டின் அதற்கு நல்ல உணவு. கூடலூர்ப் பக்கம் தென்மேற்குப் பருவமழையும், குன்னூர், கோத்தகிரிப் பக்கம் வடகிழக்குப் பருவமழையும் மாதக்கணக்கில் காற்றை ஈரமாக வைத்திருக்கின்றன. தேயிலைத் தோட்ட பங்களாக்களிலும், லயன் வீடுகளிலும், பழைய ஸ்டூடியோக்களிலும் உள்ள ஆல்பங்களில் படத்தோடு படம் ஒட்டிக்கொள்வதும் வெண்புள்ளிகள் படர்வதும் இதனாலேயே.

மற்றப் படிகங்கள்

நினைவைத் தேக்கும் படிகம் வெள்ளி ஹாலைடு மட்டுமன்று. மண்ணிலுள்ள யுரேனியம், தோரியம், பொட்டாசியம் ஆகியவற்றின் கதிர்வீச்சு, அதே மண்ணில் புதைந்த குவார்ட்ஸ், ஃபெல்ஸ்பார் மணிகளில் எலக்ட்ரான்களைப் பெயர்த்து, படிகக் குறைகளில் சிக்கவைக்கிறது. வெயில் பட்டால் அவை விடுபட்டுவிடும். ஆகவே சிக்கிய எலக்ட்ரான்களின் அளவு, அந்த மணி கடைசியாகச் சூரியனைக் கண்டு எவ்வளவு காலமாயிற்று என்பதைச் சொல்லும். திருவள்ளூர் மாவட்டம் அதிரம்பாக்கத்தில் சாந்தி பப்பு, குமார் அகிலேஷ் ஆகியோரின் குழு இந்த முறையைக் கையாண்டு, அங்குள்ள இடைப் பழைய கற்காலப் பண்பாடு சுமார் 3,85,000 ஆண்டுகளுக்கு முன் தொடங்கியது என்று 2018இல் அறிவித்தது. இந்த நினைவை ஒருமுறைதான் படிக்கலாம், படித்ததும் அழிந்துவிடும்.

இன்றைய கைப்பேசியின் உணரியும் நினைவகமும் சிலிக்கன் படிகத்தில் அமைந்தவை. தூய சிலிக்கனில் வேற்றுப்பொருளை அளவாகச் சேர்த்தால்தான் அது பயன்படும். அங்கும் வேலை செய்வது திட்டமிட்ட குறைதான். பென்டிரைவ் போன்றவற்றில் தகவல் என்பது காப்புறைக்குள் சிறைப்பட்ட எலக்ட்ரான்கள். காலப்போக்கில் அவை கசிந்துவிடும். நூற்றாண்டுக் காப்புக்கு அவை ஏற்றவையல்ல. சவுத்தாம்ப்டன் பல்கலைக்கழகத்தில் பீட்டர் கசான்ஸ்கி குழுவினர் உருக்கிய சிலிக்காவுக்குள் லேசரால் நுண்வடுக்கள் இட்டுத் தகவலைச் சேமிக்கும் முறையை 2013இல் காட்டினர். ‘நினைவுப் படிகம்’ என்று அது பெயர் பெற்றது. அறிவியல் வகையில் அது படிகமன்று, கண்ணாடி. நீண்ட காலம் தாங்கும் என்றாலும் எழுதவும் படிக்கவும் சிறப்புக் கருவி வேண்டும்.

வெள்ளிப் படத்துக்கு ஒரு மேன்மை உண்டு. நன்கு கழுவி, உலர்வாக வைத்த கறுப்பு வெள்ளை நெகட்டிவ் நூறாண்டு கடந்தும் நிற்கும். அதைப் படிக்க மின்சாரமோ மென்பொருளோ வேண்டியதில்லை, வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் போதும்.

செய்ய வேண்டியவை

வீட்டிலும் ஸ்டூடியோவிலும் மீதமுள்ள நெகட்டிவ்களைக் காப்பது கடினமன்று. பி.வி.சி. பிளாஸ்டிக் உறையிலிருந்து அமிலமற்ற காகித உறைக்கு மாற்ற வேண்டும். சிலிக்கா ஜெல் இட்ட மூடிய பெட்டியில், வெளிச் சுவரிலிருந்து விலக்கி வைக்க வேண்டும். காடி நாற்றம் அடிக்கும் சுருளை மற்றவற்றிலிருந்து உடனே பிரிக்க வேண்டும். ஒட்டிக்கொண்ட படங்களைப் பிய்க்கக் கூடாது. அந்த வேலை தெரிந்தவரிடம் தர வேண்டும். டிஜிட்டல் பிரதி எடுத்த பின்னும் நெகட்டிவை எறியக் கூடாது. படத்தின் உறையில் ஆள், ஊர், ஆண்டு ஆகிய மூன்றையும் பென்சிலால் எழுத வேண்டும். தோட்டத் தொழிலாளர் குடும்பங்களுக்கும் மலைப் பழங்குடிகளுக்கும் எழுத்து ஆவணங்கள் குறைவு என்பதால் இந்தச் சிறு குறிப்புகளின் மதிப்பு அதிகம்.

இந்து நகர்த் தொழிற்சாலையின் பால்மக் குறிப்பேடுகள், இயந்திர வரைபடங்கள், பெட்டிகள், அங்கே இருட்டில் வேலை செய்தவர்களின் வாய்மொழி ஆகியவற்றைத் திரட்டி வைப்பதும் அதே பணியின் பகுதி. நாட்டின் எக்ஸ்ரே பிலிமையும் படத்தாளையும் உருவாக்கிய மலைநகரில் அதற்கென ஒரு சிறு ஆவணக் காப்பகம் அமைவது தகும். அந்தத் தொழில் அறிந்தவர்கள் இன்று முதியவர்கள். திரட்டும் வேலையை இனியும் தள்ளிப்போடுவதற்கில்லை.